பாட்டுக்காரி என்ன சொன்னாள், அந்தோணி அண்ணே?

திங்கட்கிழமை காலையில் எங்கள் நிட்டிங் கம்பெனியின் இரைச்சல் நின்றது. கரண்டு போயிருக்கும், பரீட்சைக்குப் படிக்காததற்கு ஒரு சாக்கு கிடைத்தது என்று குஷியாக மாடியிலிருந்து இறங்கினேன். அப்பாவே மெஷின்களை நிறுத்தியிருந்தார். "நம்ம அந்தோணி போயிட்டாப்டி கண்ணு. நெஞ்சு வலியாமா."

அவரோடு எங்கள் கம்பெனியில் வேலை பார்த்த உங்களுக்கெல்லாம் தெரியும். பனியன் துணி பின்னும் அந்த இரைச்சலில் காது வெறும் அலங்காரம்; பேச்செல்லாம் உதட்டில்தான். அதில் தூத்துக்குடி அந்தோணி அண்ணன் ராஜா. நான்கு மெஷின் தள்ளி நான் முணுமுணுத்தாலும் பிடித்துவிடுவார். "உங்கப்பாவ வையாதட்டி, தெரியுது."

அவரை மடக்கத்தான் ஒரு பழைய ஜெர்மன் ஊமைப்படத்தைப் போனில் தேடிப்பிடித்தேன். விளக்கணையாத ஒரு தெரு, அதில் நடன விடுதிகள், சூதாட்டம், திருட்டுக் கும்பல். நடுவில் மாட்டிக்கொண்ட ஒரு கப்பல்காரன். இடையிடையே வரும் எழுத்து அட்டைகளும் ஜெர்மன். "இத வாசிங்க பாக்கலாம்" என்றேன். சாப்பாட்டு நேரத்தில் தூக்குப்போசியோடு உட்கார்ந்தார். திருடன் வாயசைத்தான். "'எல, பைய எங்க வச்ச?'ங்கான்" என்றார் அண்ணன்.

"ஏனுங்ண்ணா, அவன் ஜெர்மன்காரனுங்க!"

"இருக்கட்டுமே. உதடு எல்லாவனுக்கும் ஒண்ணுதான்ட்டி."

சத்தமில்லாத படத்தை அத்தனை சத்தமாகச் சிரித்துப் பார்த்தவர்கள் நாங்களாகத்தான் இருப்போம்.

கடைசியில், ஊரைவிட்டுப் புறப்படும் கப்பல்காரனிடம் விடுதி வாசலில் பாட்டுக்காரி ஏதோ சொல்கிறாள். அதற்கு எழுத்து அட்டை இல்லை. அதற்குப் பிறகு வரும் மிச்சப் படமும் அழிந்துவிட்டதாம். அண்ணன் சிரிக்கவில்லை. திரும்பத் திரும்ப ஓடவிட்டார். "இத சும்மா அடிச்சுவிடக் கூடாது. நல்லா பாத்துட்டுச் சொல்லுதேன்" என்று படத்தைத் தன் போனுக்கு அனுப்பச் சொன்னார்.

அவர் போவதற்கு முந்தின சனிக்கிழமை கம்பெனி வாசலைக் கடந்தபோது மெஷின்களுக்கு அப்பாலிருந்து அவர் உதடு அசைந்தது. எனக்கு ஒன்றும் புரியவில்லை. புரிந்த மாதிரி பலமாகத் தலையாட்டிவிட்டு ஓடினேன். மறுநாள் அவிநாசியில் கல்யாணம், போய்விட்டேன்.

அடக்கம் முடிந்து வந்தபின், பக்கத்து மெஷின் முருகேசண்ணனிடம் அந்த உதட்டசைவை அப்படியே செய்து காட்டினேன். ஆட்களைப்போல நடித்துக் காட்டுவதில் நான் கெட்டிக்காரி. "மறுக்கா காட்டு கண்ணு" என்றார். காட்டினேன்.

"'கண்டுபிடிச்சிட்டேன். ஞாயித்துக்கெழம வா, சொல்லுதேன்.' நீ என்ன சொன்ன?"

"தலையாட்டுனனுங்க."

அண்ணனிடமிருந்து என்னிடம் தங்கியிருப்பது, நான் கேட்காமல் விட்ட அந்த ஒரு கேள்விதான். இப்போதெல்லாம் மெஷின்கள் ஓடும்போது அதே வாசலில் நின்று, உதட்டால் மட்டும் கேட்கிறேன்: "மறுக்கா சொல்லுங்கண்ணா."

அவருடைய மெஷினில் புதிதாக நிற்கும் ஒடிசாக்காரர் நிமிர்ந்து பார்த்து, புரிந்த மாதிரி பலமாகத் தலையாட்டுகிறார்.