தேரைக்குத் தனி வாளி

தெருவில் மற்ற பிள்ளைகளிடம் நாய் இருந்தது, கிளி இருந்தது. என்னிடம் மூன்று தேரைகள் இருந்தன. குளியலறைச் சுவரில் ஒட்டிக்கொண்டு, வந்த விருந்தாளியை ஈரத்துண்டோடு ஓடவைக்குமே, அதே மரத்தவளைதான். மீன்கள் செத்துக் காலியான கண்ணாடித் தொட்டியில் ஈரமண்ணும் மணிபிளான்ட் கொடியும் வைத்து, மேலே கொசுவலை கட்டி வளர்த்தேன். முக்கூடலில் வேறு எவரிடமும் இப்படி ஒரு தொட்டி கிடையாது என்பதில் எனக்குத் தலைகால் புரியாத பெருமை.

அந்தப் பெருமைக்கு முந்தைய மழைக்காலத்தில் ஓர் அடி விழுந்திருந்தது. வாய்க்கால் கரையில் பிடித்த புதுத் தேரையை நேராகத் தொட்டிக்குள் விட்டேன். அதற்கு என்ன சீக்கோ, அப்போது இருந்தவை எல்லாம் பூண்டோடு போயின. சோறு தண்ணி இல்லாமல் அழுதேன். இந்த மூன்றும் அதற்குப் பிறகு சேர்த்தவை. ஆகவே கொரோனா வருஷத்தில், வாழையிலைக் கட்டுக்குள்ளிருந்து நான்காவது ஒன்று குதித்தபோது ஆசையும் பயமும் சேர்ந்தே வந்தன.

சென்னையில் வேலை பார்த்த அப்பா அந்த வாரம்தான் காய்ச்சலோடு வந்து மாடியறையில் தனியாகப் படுத்திருந்தார். அம்மா எங்களுக்கு முதலில் சோறு போடுவாள். கடைசியில் அப்பா தட்டை மாடிப்படி உச்சியில் வைத்துவிட்டு வந்து முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவுவாள். பார்த்துக்கொண்டே இருந்தேன். அட, இதுதான் வழி என்று பிடித்துக்கொண்டேன்.

புதியவருக்குக் கொல்லையில் துளை போட்ட மூடியுடன் தனி வாளி, தனித் தண்ணீர்க் கிண்ணம். பழையவர்களுக்குப் பூச்சி போட்ட பிறகுதான் அவருக்கு. அப்புறம் முழங்கை வரை சோப்பு. அம்மா கிருமிநாசினி தெளிக்க வந்தபோது வாளிமேல் விழுந்து மறித்தேன். தேரைக்குத் தோல் வழியாகவே எல்லாம் உள்ளே போய்விடும்.

"ஏட்டி, நான் இருக்க இருப்புல இது ஒண்ணுதான் கொறச்சல்" என்று திட்டிவிட்டுப் போனாள்.

அப்பா மாடி ஜன்னலில் நின்று விசாரிப்பார். "எம்மா, ஒன் தேரை இரை எடுக்குதா?"

"எடுக்குதுப்பா. நீங்க சாப்ட்டியளா?"

"எங்க, ருசியே தெரிய மாட்டேங்குது."

என் தேரையே தேவலை என்று நினைத்துக்கொண்டேன்.

புதியதற்குக் கண் தெளிந்தது, வயிறு தளதளத்தது. உடம்பும் மற்றவற்றின் அளவே இருந்ததால் எதுவும் அதை விழுங்கிவிடும் பயமில்லை. ஒருநாள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கொசுவலையைத் தூக்கி உள்ளே விட்டேன். பிறகு தினமும் எழுந்தவுடன் தொட்டிக்கு ஓடுவேன். எதுவும் சுருண்டு கிடக்கவில்லை, எதுவும் சாகவில்லை. ஒரு காலையில் நான்கும் கண்ணாடியில் வரிசையாக ஒட்டிக்கொண்டு தொண்டை துடிக்க உட்கார்ந்திருந்தன. ஜெயித்துவிட்டேன். ஊரே கேட்கட்டும் என்று கத்திக்கொண்டு வீட்டுக்குள் ஓடினேன்.

அப்பா மாடியிலிருந்து இறங்கி, இளைத்துப்போய், தாடியோடு கடைசிப் படியில் நின்றிருந்தார். அம்மா முந்தானையால் வாயைப் பொத்தி அழுதுகொண்டிருந்தாள். "யம்மா, ஒண்ணும் சாகல" என்றேன். என்னை இழுத்துக் கட்டிக்கொண்டு இன்னும் பெரிதாக அழுதாள். என் தேரைகள்மேல் அவளுக்கு இவ்வளவு பாசம் இருப்பது எனக்கு அதுவரை தெரியாது. "அழாதம்மா, எல்லாம் நல்லாதான் இருக்கு" என்று அவள் முதுகைத் தட்டிக்கொடுத்தேன்.