பிழியாத கீரை

கல்யாணமாகிக் கும்பகோணம் வந்த முதல் பிள்ளையார் சதுர்த்திக்கு நான்தான் கொழுக்கட்டை பிடித்தேன். "பூரணம் பதமாயிடுச்சு, இறக்கிடு" என்றாள் என் மூத்த ஓரகத்தி. தளர்ந்திருந்த பூரணம் ஆவியில் வெடித்து ஒழுகியது. "இதுகூடத் தெரியாம அனுப்பிட்டாங்க" என்று வந்தவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரித்ததும் அவள்தான்.

பன்னிரண்டு வருஷம் காத்திருந்தேன். போன மாசம் அவளுடைய வருங்காலச் சம்பந்திகள் திருவாரூரிலிருந்து விருந்துக்கு வந்தார்கள். மருமகளாக வரப்போகிறவளுக்குக் கீரையும் சீஸும் அடைத்த பாஸ்தா பிடிக்குமாம். அதை நான் நன்றாகச் செய்வேன் என்று இரண்டு நாள் முன்பே சொல்லிவைத்து, அன்று காலையிலேயே பக்கத்திலிருந்து சொல்லித்தர ஓரகத்தி என்னைக் கூப்பிட்டாள்.

வெந்த பாலக்கீரையைக் காட்டி, "இதைப் பிழியணுமா?" என்று கேட்டாள்.

"வேணாங்க்கா, சத்தெல்லாம் போயிடும்."

சொட்டச் சொட்ட இருந்த கீரையில் சீஸைத் துருவிப் போட்டுப் பிசைந்து, மாவில் வைத்து மூடினாள். விருந்தாளிகள் கூடத்தில் உட்கார்ந்திருக்க, கொதிக்கிற தண்ணீரில் ஒவ்வொன்றாக வாய் பிளந்தது. பாத்திரம் முழுக்கப் பச்சைத் தண்ணீர். அவள் முகத்தை ஆசைதீரப் பார்த்தேன்.

பக்கத்திலேயே இருக்கும் என் வீட்டுக்குப் போனேன். கீரையை ஒட்டப் பிழிந்து முதல் நாளே அடைத்து வைத்திருந்ததை வேகவைத்து எடுத்துவந்து, சம்பந்தியம்மாவின் தட்டில் நானே பரிமாறினேன்.

"அக்காவுக்கு இன்னும் கை பழகலைங்க."