தம்பி மகளுக்கு ஒரு ஜோடி ஷூ

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் இருபத்திரண்டு வருஷமாக வேலை பார்க்கிறேன். தையல் லைனில் சேர்ந்தவள், இப்போது சாம்பிள் ரூமில் இருக்கிறேன். வெளிநாட்டு ஆர்டர் எது வந்தாலும் முதல் ஜோடியை நாங்கள்தான் செய்து பார்ப்போம். முகம் தெரியாத எத்தனையோ பேருடைய கால்களுக்குத் தைத்திருக்கிறேன். என் தம்பி மகள் காலில் மட்டும் எந்த ஷூவும் நின்றதில்லை.

தம்பிக்குக் கணியம்பாடிப் பக்கம் கொஞ்சம் நிலம். அவன் மகளுக்குப் பதினெட்டு வயசு. சின்னதிலிருந்தே நீல வார் வைத்த ரப்பர் செருப்புதான் போடுவாள். தேய்ந்தால் அதே மாதிரி இன்னொன்று வாங்க வேண்டும். கடையில் நீலம் இல்லையென்றால் வெறுங்காலோடு திரும்பி வருவாள். அவளுக்குப் பதினாறு வயசிருக்கும்போது வேலூரில் ஒரு டாக்டர் பார்த்துவிட்டு ஆட்டிசம் என்றார். தம்பி அந்த வார்த்தையை வாயில் எடுக்கவே இல்லை. "நல்லா படிக்கிறா, நல்லா மார்க் எடுக்கிறா. பிடிவாதம் கொஞ்சம் ஜாஸ்தி, அவ்ளோதான்" என்றான். சொல்லாவிட்டாலும் நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

போன வருஷம் வேலூரில் ஒரு கல்லூரியில் கெமிஸ்ட்ரி எடுத்துச் சேர்ந்தாள். லேபுக்குள் போக மூடின ஷூ கட்டாயம். ஆசிட் சிந்தினால் ஆபத்து என்பது அவளுக்கும் சரியாகவே பட்டது. கடையில் வாங்கின ஷூவைப் போட்டுக்கொண்டு போனாள். அரை மணி நேரத்தில் அதைக் கழற்றிக் கையில் தூக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டாள். அடுத்த வாரமும் அதே கதை. தம்பி எனக்குப் போன் போட்டான்.

"அக்கா, நீ ஷூ கம்பெனிலதான இருக்கற? இவளுக்கு ஒண்ணு செஞ்சி குடேன். இல்லன்னா படிப்பே போய்டும்."

ஞாயிற்றுக்கிழமை போனேன். பீரோவுக்கும் சுவருக்கும் நடுவிலிருந்த சந்தில், தோள் இரண்டும் இடிக்க, உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தாள். அது அவள் வழக்கமான இடம்.

"ஷூ எங்கம்மா வலிக்குது?" என்றேன்.

"வலிக்கல அத்தை."

"அப்ப கடிக்குதா?"

"கடிக்கல."

"பின்ன இன்னாதான் பண்ணுது?"

சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "பாத்தியா?" என்றான் தம்பி. "வலிக்கலயாம், கடிக்கலயாம். போட்டுக்க மட்டும் மாட்டாளாம்." எனக்கும் எரிச்சலாக இருந்தது. கால் அளவை மட்டும் எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

பள்ளிகொண்டா வருவதற்குள் போனில் அவளிடமிருந்து மெசேஜ் வந்தது.

"அத்தை, நீங்க கேட்டதுக்கு இப்பதான் பதில் கிடைச்சது. ஷூ வலிக்கல. ஆனா அது கால்ல இருக்குன்னு தெரிஞ்சிக்கிட்டே இருக்குது. உங்களுக்கெல்லாம் போட்ட கொஞ்ச நேரத்துல மறந்துடும்னு நெனைக்கறேன். எனக்கு மறக்காது. ரெண்டு மணி நேரம் கழிச்சும் மொத நிமிஷம் மாதிரியே இருக்கும். அப்ப மேடம் பேசறது கேக்குது, ஆனா புரிஞ்சிக்க இடம் இல்ல."

மூன்று தடவை படித்தேன். என் கையைப் பார்த்தேன். நாலு வளையல், ஒரு வாட்ச். காலையில் போட்டவைதான், அதற்கப்புறம் அவை கையில் இருக்கிற நினைப்பே இல்லை. ரவிக்கையின் கை விளிம்பு, தோளில் பையின் வார், கழுத்தில் சங்கிலி என்று ஒவ்வொன்றாகத் தேடிப் பார்த்தேன். தேடினால் தெரிந்தது, விட்டால் போய்விட்டது. எதுவுமே போகாவிட்டால் எப்படி இருக்கும் என்று ஆம்பூர் வரைக்கும் முயற்சி செய்தேன். என்னால் முடியவில்லை.

மறுநாள் மாஸ்டரிடம் கேட்டேன். எங்கள் சாம்பிள் ரூமுக்கு அவர்தான் தலை; வீட்டில் உருது பேசுகிறவர், அக்கா என்பதற்கு ஆப்பா என்பார். "பொண்ணு படிப்புக்குத்தானே, செய்ங்க ஆப்பா. மிச்சத் தோல்ல எடுத்துக்குங்க, கேட் பாஸ் நான் போட்டுத் தர்றேன்" என்றார். கைக்கு அகப்பட்டதிலேயே மெத்தென்ற ஆட்டுத்தோலை எடுத்து, உள்ளே பஞ்சு மாதிரி லைனிங் வைத்து, கால் பட்டால் பூவில் பட்டது போல இருக்கும்படி ஒரு ஜோடி செய்தேன்.

அவள் ஒரு காலை நுழைத்தாள். உடனே எடுத்துவிட்டாள்.

"இது தொட்டுத் தொட்டு விடுது."

"இன்னாம்மா இது, இவ்ளோ மெத்துனு செஞ்சிருக்கேன்!"

"மெத்துனு வேணும்னு நான் சொல்லலியே அத்தை."

அவள் குரலில் கோபமில்லை. எனக்குத் தகவல் சொல்கிற மாதிரிதான் சொன்னாள். உண்மையும் அதுதான், மெத்தென்று இருக்க வேண்டுமென்று முடிவு செய்தது நான்.

"சரி, எப்படி இருக்கணும், சொல்லு" என்றேன். மறுபடியும் சுவரைப் பார்க்க ஆரம்பித்தாள். இந்தத் தடவை நான் வாயைத் திறக்கவில்லை. ரொம்ப நேரம் கழித்துத் திரும்பினாள்.

"எதைக் கேக்கறீங்க? விரல் பக்கமா, குதிகால் பக்கமா? நிக்கும்போதா, நடக்கும்போதா?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சாம்பிளை ஆள் காலில் போட்டுப் பார்க்கும்போது எங்கள் கம்பெனியில் ஒரு படிவம் நிரப்புவோம். விரல், பாத அகலம், குதிகால், மடிப்பு, பிடிப்பு என்று கட்டம் கட்டமாக அதில் இதே கேள்விகள்தான் இருக்கும். அடுத்த வாரம் வெற்றுப் படிவம் நாலைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். தரையில் விரித்துப் பென்சிலோடு குனிந்தவள், சாப்பிடக் கூப்பிட்டும் எழுந்திருக்கவில்லை. ரப்பர் செருப்புக்கு ஒன்று, கடை ஷூவுக்கு ஒன்று, நான் செய்த ஷூவுக்கு ஒன்று. விரல் நுனியில் தையல் மேடு, இடதில் அதிகம். அடி தரையில் ஒட்டிப் பிரியும் சத்தம். பசை வாசனை. 'பிடிப்பு' என்ற கட்டத்தில் என் ஷூவுக்கு 'போதாது' என்று எழுதியிருந்தாள்.

"டைட்டா இருந்தா புடிக்குமா உனக்கு?"

"ஆமா. டைட்டா இருந்தா ஒரே எடத்துல இருக்கும். லூசா இருந்தா ஒவ்வொரு அடிக்கும் புதுசா தொடும்."

அந்தப் பீரோ சந்து, சித்திரை வெயிலிலும் அவள் போர்த்திக்கொள்ளும் கனத்த கம்பளி, வலிக்குமளவுக்கு இறுக்கிப் பின்னச் சொல்லும் ஜடை எல்லாம் ஒவ்வொன்றாக எனக்கு ஞாபகம் வந்தன. இன்னொன்றும் வந்தது. குழந்தையிலிருந்தே நான் கன்னத்தைத் தடவினால் அந்த இடத்தைக் கையால் துடைத்துவிடுவாள். என்னைப் பிடிக்கவில்லை என்றுதான் இத்தனை வருஷமும் நினைத்திருந்தேன். அதைக் கேட்டேவிட்டேன்.

"உங்களைப் புடிக்கும். லேசா தொடறதுதான் புடிக்காது. வெச்சா அழுத்தி வைங்க."

இரண்டு தோளிலும் கை வைத்து அழுத்தினேன். நகரவில்லை. மூச்சை நீளமாக விட்டாள். சமையற்கட்டு வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அவள் அம்மா, "பொறந்ததுலேர்ந்து நான் தடவிக் குடுத்துக்கிட்டே இருந்தேனே" என்றாள். உடனே உள்ளே போய்விட்டாள்.

இரண்டாவது ஜோடியை இறுக்கமாகச் செய்தேன். அதை வீட்டுக்குள்ளேயே விடவில்லை. பசை நாற்றமாம். முகர்ந்து பார்த்தேன், என் மூக்குக்கு ஒன்றுமே தெரியவில்லை. கம்பெனியில் புதிதாகச் சேர்ந்த ஒரு பெண்ணிடம் முகரக் கொடுத்தேன். "அய்யோ, தலை சுத்துதுக்கா" என்றாள். அப்படியானால் வாசனை எங்கேயும் போகவில்லை, என் மூக்குதான் அதை விட்டுவிட்டது. மூன்று வாரம் என் வீட்டு மொட்டைமாடிக் கொடியில் தொங்கவிட்டேன். வாசனை அடங்கியது, ஆனால் விரல் பக்கத்துத் தையலை ஒத்துக்கொள்ளவில்லை.

மூன்றாவது ஜோடிக்கு முன்பக்கத்தை ஒரே துண்டாக வெட்டினேன். தையலையெல்லாம் குதிகாலுக்கு வெளிப்புறமாகத் தள்ளினேன். கணுக்கால் வரைக்கும் லேஸ் வைத்தேன். மாஸ்டர் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதை எந்த ஃபாரின் பையரும் வாங்க மாட்டான்" என்றார். கொஞ்சம் பொறுத்து, "தையல் சுத்தம்" என்றார். அதையும் காற்றாடத் தொங்கவிட்டுத்தான் கொண்டுபோனேன்.

லேஸ் கட்டவே அவளுக்கு ரொம்ப நேரம் பிடித்தது. இரண்டு காலிலும் இறுக்கம் ஒரே மாதிரி வருகிற வரைக்கும் அவிழ்த்து அவிழ்த்துக் கட்டினாள். வாசலுக்கும் கிணற்றுக்கும் நாலு நடை நடந்தாள்.

"இடது குதிகால்ல கொஞ்சம் தெரியுது. சமாளிச்சிக்கலாம்."

அந்த வாரமே லேபுக்குப் போனாள், முடியும் வரைக்கும் உள்ளேயே இருந்தாள். விட்டுப்போன லேப் பரிசோதனைகளையும் பிறகு செய்து கொடுத்து, முதல் வருஷப் பிராக்டிகலில் பாஸ் செய்துவிட்டாள். லேப் வாசலில் ஷூவை மாட்டுவாள், வெளியே வந்ததும் பையிலிருந்து ரப்பர் செருப்பை எடுத்துக்கொள்வாள். "சொந்தக்காரங்க கல்யாணத்துக்காவது ஷூ போடேன்" என்று தம்பி கேட்டதற்கு, "லேபுக்குத்தானே கேட்டாங்க" என்றாளாம். முன்பானால் அதற்கே ஒரு சண்டை நடந்திருக்கும். "அவ சொல்றதும் சரிதான்க்கா" என்று போனில் சிரித்தான்.

இவ்வளவு நாளும் நான்தான் அவளைக் கேட்டுக்கொண்டிருந்தேன். போன மாதம் கேள்வியைத் திருப்பிப் போட்டேன். "எங்ககிட்ட உனக்குப் புரியாதது இன்னா இருக்கு?" மறுநாள் மதியம் மெசேஜ் வந்தது. "பதில் வேணாத கேள்வி நிறைய கேக்கறீங்க. எதிர்ல வந்து நிக்கறவளைப் பாத்து, 'வந்தியா?'ன்னு கேக்கறீங்க. ஆமான்னு சொல்லணுமா, சும்மா இருக்கணுமான்னு எனக்கு இதுவரைக்கும் தெரியல."

சாப்பாட்டு நேரத்தில் பக்கத்திலிருந்தவர்களுக்குப் படித்துக்காட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள். அப்புறம், நாம் ஏன் அப்படிக் கேட்கிறோம் என்று ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். எதுவும் சரியாகப் படவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை ஆம்பூருக்கு என் வீட்டுக்கு வந்தாள். கதவைத் திறந்ததுமே என் வாயில் "வந்..." என்று வந்துவிட்டது. நிறுத்திக்கொண்டேன். வேறு என்ன சொல்வதென்று தெரியாமல் நின்றேன். அவள் படியில் நின்றபடி பொறுமையாகக் காத்திருந்தாள். கடைசியில், "உள்ள வா, ஃபேன் போட்டிருக்கேன்" என்றேன்.

"சரி அத்தை" என்று உள்ளே வந்தாள்.