என் கணவர் இன்னும் வந்து சேராத பூஜப்புரை ஜெயிலுக்கு ஒரு நாள்

திருவனந்தபுரத்துக்குப் போகிறவர்கள் பத்மநாபசுவாமியைச் சேவிப்பார்கள், கோவளத்தில் கால் நனைப்பார்கள், பொன்முடிக்குப் போகிற வழியில் கல்லாற்றில் இறங்கிக் குளிப்பார்கள். நான் ஜெயில் பார்க்கப் போனேன். 2007 ஜூன் மாதம், மழை பிடித்திருந்த ஒரு வாரநாள். உள்ளே எனக்கு யாரும் இல்லை. ஒருவர் அங்கே வருவதா வேண்டாமா என்று முடிவாக வேண்டியிருந்தது, அதற்காகத்தான் போனேன். இதே மாதிரிப் பயணம் போக வேண்டிய நிலைமை உங்களுக்கும் வந்திருந்தால், முதலில் ஒரு காப்பி குடித்துவிட்டு உட்காருங்கள். சொல்கிறேன்.

மார்த்தாண்டத்தில் டைப்பிங்கும் கம்ப்யூட்டரும் சொல்லிக்கொடுக்கும் ஒரு சின்ன இன்ஸ்டிட்யூட் நடத்துகிறேன். என் கணவர் எட்வின் கடல் தாண்டி ஒரு தீவு நாட்டில் ஹோட்டல் சமையல்காரராக இருந்தார். நாட்டின் பெயரை எழுத வேண்டாம் என்று வக்கீல் சொல்லியிருக்கிறார். லீவு முடிந்து திரும்பும்போது, அங்கே வேலை செய்யும் ஒருவருக்குக் கொடுக்கச் சொல்லி அறிமுகமானவர்கள் ஒரு டப்பா முந்திரிக்கொத்துப் பலகாரம் தந்தார்கள். எங்கள் பக்கத்தில் வெளிநாடு போகிறவர் பெட்டியில் பாதி இடம் ஊராருடையது. வாங்க மாட்டேன் என்றால் ஆயுசு முழுக்கப் பேச்சுக் கேட்க வேண்டும், திறந்து பார்த்தாலோ அதைவிட மரியாதைக்கேடு. அவர் திறக்கவில்லை. அந்த நாட்டு விமான நிலையத்தில் திறந்தார்கள். பலகாரத்துக்கு அடியில் போதை மருந்து இருந்தது. கொடுத்தவர்கள் அந்த வாரமே வீட்டைப் பூட்டிவிட்டுப் போய்விட்டார்கள். இவருக்குப் பதினைந்து வருடத் தண்டனை.

விசாரணையில் அவருக்கு வைத்த மொழிபெயர்ப்பாளர் இந்திக்காரர். இந்தியா என்றால் இந்தி என்று அங்கே யாரோ நினைத்திருக்கிறார்கள். எட்வினுக்குத் தமிழும் மலையாளமும் தண்ணீர் பட்ட பாடு, இந்தி மருந்துக்கும் தெரியாது. பயத்தில் எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டிருக்கிறார். தனக்குப் புரிகிற பாஷையில் விசாரிக்கப்படுவது எந்த நாட்டு மனிதனுக்கும் உள்ள உரிமை என்பதுதான் எங்கள் அப்பீல். அது வருடக்கணக்காக அசையாமல் கிடந்தது. இதற்கிடையில் இரண்டு நாட்டு அரசுகளும் ஒரு ஒப்பந்தம் போட்டன. அதன்படி தண்டனை பெற்றவர் மீதிக் காலத்தைச் சொந்த நாட்டுச் சிறையில் கழிக்கலாம். மனுப் போட்டோம். அவர் பாஸ்போர்ட் எடுத்தபோது திருவனந்தபுரம் கரமனையில் மாமா வீட்டு விலாசம் கொடுத்திருந்ததால், எங்கள் பக்கத்துப் பாளையங்கோட்டை ஜெயிலுக்கு வர வேண்டிய ஃபைல் கேரளாவுக்குப் போனது. சிறை பூஜப்புரை என்று தெரிந்ததும் எட்வின் போனில் சொன்னார்: "நீ ஒருக்க போய்ப் பாத்துட்டு வா. உள்ளது உள்ளபடி சொல்லணும். ஆறுதலுக்கு ஒண்ணும் சொல்லாத. கேட்டுட்டு நான் சம்மதக் கடிதத்துல ஒப்புப் போடுதேன்."

குழித்துறை ஸ்டேஷனில் காலை ஏழரைக்குப் பாசஞ்சர். டிக்கெட் ஒன்பது ரூபாய், தூரம் ஏறக்குறைய நாற்பது கிலோமீட்டர். பாறசாலை தாண்டினால் போர்டுகள் மலையாளத்துக்கு மாறும், மழை மட்டும் மாறாது. ஒன்பது மணிக்குத் திருவனந்தபுரம் ஸ்டேஷன் இருக்கும் தம்பானூரில் இறங்கினேன். எதிரே உள்ள ஹோட்டலில் புட்டும் கடலையும் சாப்பிட்டுவிட்டுத் தலைமைச் செயலகத்துக்கு நடந்தேன். குடை பிடித்தும் பாதி நனைந்துவிட்டேன்.

எங்கள் ஃபைலைப் பார்க்கும் அதிகாரி கோட்டைக்குள் அக்ரகாரத் தெருவில் வளர்ந்த தமிழ் அம்மா. "ஈரத்தோட நிக்காதேங்கோ, ஒக்காருங்கோ" என்று நாற்காலியைக் காட்டினார். ஃபைலைப் புரட்டியவர் ஒரு பக்கத்தில் நின்றுவிட்டார்.

"அப்பீல் இன்னும் நிலுவையிலன்னா இருக்கு?"

"ஆமா மேடம். அதுதான் எங்க நம்பிக்கை."

"அது இருக்கற வரைக்கும் அவரை அனுப்ப மாட்டா. தீர்ப்பு முடிஞ்சாத்தான் மாத்த முடியும். அந்த சர்க்கார், நம்ம சர்க்கார், அவர், மூணு பேரும் சம்மதிக்கணும்."

"இங்க வந்தப்புறம் இங்குள்ள கோர்ட்ல கேக்கலாமா?"

"முடியாதும்மா. தண்டனையைத்தான் அனுப்பறா, வழக்கை அனுப்பலே. தீர்ப்பைத் திருத்தணும்னா அந்த ஊர்க் கோர்ட்டுதான் திருத்தணும். நான் பண்ணுங்கோன்னும் சொல்ல மாட்டேன், வேண்டாம்னும் சொல்ல மாட்டேன். அவர் மனசு."

அவரை மீட்க வேண்டும் என்று வக்கீல் வக்கீலாக அலைந்து நான் உயிரோடு வைத்திருந்த அப்பீல்தான் அவரை வரவிடாமல் பிடித்து வைத்திருந்தது. அதை விட்டால் ஆள் வருவார். ஆனால் "நான் செய்யவில்லை" என்று சொல்ல அவருக்கு இருந்த ஒரே இடமும் போய்விடும்.

திரும்பிப் போயிருக்கலாம். ஆனால் பார்த்துவிட்டு வா என்று சொல்லியிருந்தாரே. ஆட்டோ பிடித்தேன், முப்பது ரூபாய். கிழக்கேகோட்டையிலிருந்து பஸ்ஸும் உண்டு, நாலைந்து ரூபாய்தான். ஆட்டோக்காரருக்குப் பாறசாலைப் பக்கம்.

"ஜெயிலுக்கா? ஆரு கெடக்கு உள்ள?"

"ஆரும் இல்ல."

கண்ணாடியில் என்னை ஒரு பார்வை பார்த்தார். "ஆரும் இல்லாம ஆராவது ஜெயிலு காணப் போவினுமா? வேணும்னா மிருகசாலைல கொண்டு விடட்டா? அங்கயும் எல்லாம் கூட்டுக்குள்ளதான் கெடக்கு."

எனக்குச் சிரிப்பு வந்தது, கூடவே அழுகையும் வந்தது. விஷயத்தைச் சொன்னேன். இறக்கிவிடும்போது, "வந்தா நமக்கு எட்டுற தூரந்தான் அக்கா" என்றார்.

பெரிய மதில், பெரிய வாசல். அடைபட்டவரின் பெயரைச் சொன்னால்தான் பார்க்க விடுவார்கள். எனக்குச் சொல்லப் பெயர் இல்லை, அதனால் வெளியே நின்று விசாரிக்க மட்டும்தான் முடிந்தது. பார்வையாளர் வரிசையில் சரசக்கா கிடைத்தார். சாலைக் கடைவீதியில் காய்கறி விற்பவர், மகன் உள்ளே இருக்கிறான். பார்க்கிற இடம் எப்படி இருக்கும் என்று கேட்டேன்.

"நடுவுல வலை உண்டு. அவிய அந்தப் பக்கம், நம்ம இந்தப் பக்கம். எல்லாரும் ஒண்ணிச்சு பேசுவினும், சந்த மாதிரி. நான் சந்தக்காரியில்லியா, எனக்குத் தொண்ட உண்டு. நீ சத்தமாப் பேசிப் படிக்கணும்."

"தொடலாமா?"

"ஒக்காது பிள்ள. விரல வலையில வச்சா அவனும் கொண்டு வைப்பான். அம்புடுதான்." பிறகு அவரே கேட்டார், "எத்தன வருசமாச்சு நீ பாத்து?"

ஐந்து என்றேன். சரசக்கா தன் பையிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்து என் கையில் வைத்தார். அதற்குள் அவருடைய முறை வந்து உள்ளே போய்விட்டார்.

பக்கத்துப் பெட்டிக்கடையில் டீ குடித்தேன். இரண்டு வார்டன்கள் லீவு விஷயமாக மலையாளத்தில் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். ஒருவர் மற்றவரின் குடும்பத்தையே இழுத்துவிட்டார். ஒரு வார்த்தை விடாமல் எனக்குப் புரிந்தது. அந்த மதிலைப் பார்த்துக்கொண்டு நிற்கையில், இங்கே வந்துவிடேன் என்று மனம் கிடந்து துடித்தது. புருஷன் ஜெயிலுக்கு வர வேண்டும் என்று ஏங்குவது கேவலமாகத்தான் இருந்தது. ஆனாலும் ஏங்கினேன்.

ஞாயிற்றுக்கிழமை எட்வினின் போன் வந்தது. மாதம் ஒரு தடவைதான் விடுவார்கள். அதிகாரி சொன்னதை முதலில் சொன்னேன், அடுத்து வலையையும் சந்தை இரைச்சலையும் சொன்னேன்.

"அங்க உள்ளவிய திட்டுவினுமா?" என்று கேட்டார்.

"திட்டுவாங்க. ஆனா திட்டினா உங்களுக்குப் புரியும்."

பிறகு, "அப்பீல விட்டா நான்தான் செய்தேன்னு ஆயிருமே?"

"ஆயிரும். ஊரும் சொல்லும். எனக்கு உங்க முகத்தப் பாக்கணும், அது என்னோட ஆச. பேரு உங்களோடது. அத விட்டுருங்கன்னு சொல்ல எனக்கு வாய் வரல."

"நான் செய்யலன்னு நீ நம்புதியா?"

"அந்த டப்பாவ உங்க பெட்டிக்குள்ள வச்சு மூடினதே நான்தானே."

அவர் மெல்லச் சிரித்தார். "அப்ப போதும். அந்தக் கோர்ட்டுக்குப் புரியலன்னா போவட்டு" என்றார். லைன் கட்டாகிவிட்டது.

அடுத்த மாதம் அப்பீலை வாபஸ் வாங்கக் கையெழுத்துப் போட்டார். சம்மதக் கடிதத்தை இந்தத் தடவை மலையாளம் தெரிந்த ஒருவரை வைத்து வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டு வாங்கினாராம். அதற்குப் பிறகும் ஃபைல்கள் மேசை மேசையாக நகர்ந்ததில் ஒரு வருடத்துக்கு மேல் ஓடிவிட்டது.

போகப் போகிறவர்களுக்குச் சில வார்த்தைகள். பார்வை நாளும் நேரமும் மாறிக்கொண்டே இருக்கும், போன் பண்ணிக் கேட்டுவிட்டுக் கிளம்புங்கள். செயலகத்துக்குப் பத்தரைக்கு முன்னால் போய்ப் பயனில்லை. அடையாள அட்டையும் திருமணச் சான்றிதழின் நகலும் கையில் இருக்கட்டும். வெளிநாட்டில் உங்கள் ஆள் பிடிபட்டால் முதல் நாளே நம் தூதரகத்தைக் கேட்கச் சொல்லுங்கள், புரியாத பாஷையில் எதிலும் கையெழுத்து வேண்டாம் என்று சொல்லுங்கள். அப்பீலா மாற்றமா என்பதை வக்கீல் சொன்னார், மச்சான் சொன்னார் என்று நீங்கள் தீர்மானிக்காதீர்கள். உள்ளே கிடக்கிறவரிடம் கேளுங்கள். அரசுகள் கைகுலுக்கிக்கொள்வது நல்லதுதான், ஆனால் அந்தக் கைகளுக்கு நடுவில் ஒரு மனிதன் இருக்கிறான். ஊரார் தரும் பலகாரத்தை, மரியாதை கெட்டாலும் பரவாயில்லை, திறந்து பாருங்கள்.

போன வாரம் அனுமதி வந்துவிட்டது. எங்கள் சபையில் நல்லது நடந்தால் நன்றிக்கு ஸ்தோத்திரக் காணிக்கையைக் கவரில் போட்டு, காரணம் எழுதிக் கொடுப்போம், போதகர் அதை வாசிப்பார். மகனுக்கு வேலை, மருமகளுக்குச் சுகப்பிரசவம், இப்படி இருக்கும். நான் என் கவரில் எழுதியதைப் போதகர் ஆராதனைக்கு முன்னால் பார்த்துவிட்டு என்னை ஓரமாகக் கூப்பிட்டார்.

"ஜெயிலுக்குப் போறதுக்கு ஆராவது ஸ்தோத்திரம் வைப்பினுமா? 'ஊர் திரும்புவதற்காக'ன்னு வாசிச்சிரட்டா?"

"போறதுக்கு இல்ல ஐயா, வாறதுக்கு. எழுதினத அப்படியே வாசிங்க."

வாசித்தார். முன்வரிசையில் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். நான் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி ஆமென் சொன்னேன்.