பதினாறு வீட்டுக் கையெழுத்து

தண்ணீர்க் குடத்தோடு மூன்றாவது மாடிக்கு ஏறிக்கொண்டிருந்த ஜெயராணி அக்கா, பாதியில் படிக்கட்டிலேயே உட்கார்ந்துவிட்டார். அந்த நிமிஷம்தான் எனக்கு யோசனை உதித்தது — மனு!

பாளையங்கோட்டைக்கு வெளியே அரசுக் குடியிருப்பு. எங்கள் பிளாக்கில் பதினாறு வீடு. குழாய்த் தண்ணீர் தரைத்தளத்தோடு நின்றுவிடும். அக்காவின் கணவருக்குப் பக்கவாதம், படுத்த படுக்கை. அவரைத் துடைக்க, துணி அலச, சமைக்க... தினம் பன்னிரண்டு குடம். தாமிரபரணி ஓடுகிற ஊரில்!

மாடிக்குத் தண்ணீர் ஏற்றக் கேட்டு, வீட்டு வாரியத்துக்கு ஒரே மூச்சில் எழுதினேன். கதவு எண் போட்டு, வீடு வீடாகக் கையெழுத்து வாங்கினேன். அக்கா மட்டும் பேனாவை வைத்துக்கொண்டு தயங்கினார்.

"எம் பேரையா போடச் சொல்லுத, தம்பி?"

"பின்ன யாரு பேரை? நீங்கதானக்கா சுமக்கிய."

போட்டார்.

பத்தே நாளில் அதிகாரிகள் வந்தார்கள். மொட்டைமாடி டேங்க்கைக் காட்ட ஓடினேன். அவர்கள் அண்ணாந்துகூடப் பார்க்கவில்லை. ஒரு கையில் என் மனு, இன்னொரு கையில் ஒதுக்கீட்டுப் பதிவேடு. கதவு கதவாகப் பெயரை ஒப்பிட்டார்கள்.

குலுக்கலில் வீடு விழுந்தவர்தான் குடியிருக்க வேண்டும், வாடகைக்கு விடக்கூடாது. அக்காவின் வீடோ வள்ளியூர்க்காரர் ஒருவர் பெயரில். இப்படிப் பதினாறில் பதினொன்று. பிளாக் முழுக்கத் தெரிந்த விஷயம்... எனக்கும் தெரியும். எழுதும்போது எப்படி மறந்தேன்? எங்கள் வீடு அப்பா பெயரிலேயே இருப்பதாலா?

பதினைந்து நாளில் காலி செய்ய நோட்டீஸ். எதிர்வீட்டு அண்ணாச்சி, அவரும் வாடகைதான், என்னை நிறுத்திக் கேட்டார்: "ஏலே, தண்ணி ஏறாத மூணாவது மாடிக்கு நோட்டீஸ் எப்படி ஏறிச்சு, பாத்தியா?"

வண்ணார்பேட்டையில் இரண்டு வீடு பார்த்தோம். படுக்கையில் கிடக்கிற நோயாளி என்றதும் வீட்டுக்காரர்களுக்குத் திடீரென்று சொந்தக்காரர்கள் குடிவருகிறார்கள்.

அக்கா என்னைத் திட்டியிருக்கலாம். "நல்லதுக்குத்தான செஞ்ச" என்று சொல்லிவிட்டு, குடத்தை எடுத்துக்கொண்டு பைய இறங்கிப் போனார்.

தண்ணீர் வேண்டும் என்றுதான் நாங்கள் கேட்டோம். யார் கேட்கிறார்கள் என்பதைத்தான் அவர்கள் படித்தார்கள். படித்தவன் என்று பெயரெடுத்த எனக்கு, ஒரு மனுவை எப்படிப் படிப்பார்கள் என்பது தெரியவில்லை.

திங்கட்கிழமை அக்காவோடு வாரிய அலுவலகத்துக்குப் போகிறேன். அவகாசம் கேட்க. இந்த முறை எழுத்தில் எதுவும் கிடையாது, வாய்ப்பேச்சுதான். வந்திருப்பது யார் என்று வாசலில் கேட்டால் அக்காவுக்கு என்ன பெயர் சொல்வது... அது மட்டும் இன்னும் முடிவாகவில்லை.