சுதேஷ் டீச்சர் போட்ட ஜாமீன் கையெழுத்து

பானிபட்டில் பெண்கள் பள்ளி ஒன்றில் முப்பது வருடம் விளையாட்டு ஆசிரியையாக இருந்தவர் சுதேஷ் நாரங். கோகோ ஆட்டத்தில் மாவட்டக் கோப்பையை விடாமல் வாங்கித் தந்தவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. சம்பளத்தைச் சேர்த்து மாடல் டவுனில் ஒரு வீடு வாங்கினார். நான் அதே பள்ளியில் வேதியியல் பாடம் எடுத்தேன், பக்கத்துத் தெருவில் குடியிருந்தேன். அதனால் நடந்தது எல்லாம் எனக்குத் தெரியும்.

அவருடைய தம்பி பவன் கம்பளி ஆலை வைத்திருந்தான். ஆலையைப் பெரிதாக்க வங்கியில் கடன் வாங்கியபோது அக்காவின் வீட்டையும் அடமானமாகச் சேர்த்தான். பவனோடு சேர்ந்து சுதேஷும் ஜாமீன் கையெழுத்துப் போட்டார்.

"நான் எதுக்குடா இதுல?" என்று கேட்டாராம்.

"பேருக்குத்தான் அக்கா. ஃபைல் நிறையணும்ல."

கொரோனாவுக்குப் பிறகு ஆர்டர்கள் நின்றுபோயின. தவணை தவறியது. வங்கி அந்தக் கம்பெனியைத் திவால் வழக்குக்கு சண்டிகர் தீர்ப்பாயத்தில் கொண்டுபோய் நிறுத்தியது. பவன் ஜிலேபிப் பொட்டலத்தோடு அக்கா வீட்டுக்கு வந்தான்.

"கவலைய விடுக்கா. தீர்ப்பாயம் தடை போட்டாச்சு. இனி ஒருத்தனும் ஒரு பைசா கேக்க முடியாது."

சுதேஷ் நம்பினார். ஆனால் வங்கி அவர் வீட்டுக் கேட்டிலேயே நோட்டீஸ் ஒட்டியது. வீட்டைச் சட்டப்படி கையகப்படுத்துகிறோம் என்று அதில் எழுதியிருந்தது. தெருவே நின்று படித்தது. அவர் நேராக வங்கிக்குப் போனார்.

"தடை இருக்கே, எப்படி ஒட்டினீங்க?"

"தடை கம்பெனிக்கு மேடம். ஜாமீன் போட்டவங்களுக்கு இல்ல."

"என் தம்பியும்தானே ஜாமீன் போட்டான். அவன்கிட்ட முதல்ல போக வேண்டியதுதானே?"

அதிகாரி ஃபைலைப் புரட்டினார். "அவர் பேர்ல ஒண்ணும் இல்ல மேடம். வீடு அவர் மனைவி பேர்ல இருக்கு. உங்ககிட்டதான் இருக்கு."

அன்று வங்கியிலிருந்து நடந்தே வந்தார்.

மறுவாரம் ரூபிந்தர் என்ற வக்கீலம்மாவைப் பார்க்க நானும் கூடப் போனேன். அவர் சுற்றி வளைக்கவில்லை. "அந்தத் தடை கம்பெனிக்குப் போத்தின கம்பளி, ஆண்ட்டி. உங்க காலுக்கு எட்டாது. ஆனா நீங்களே உங்க பேர்ல திவால் மனு போடலாம். போட்ட நாள்ல இருந்து வங்கி உங்க வீட்டைத் தொட முடியாது. அதுக்குப் பதிலா உங்ககிட்ட இருக்கிற எல்லாத்தையும் திறந்து காட்டணும். ஒளிச்சு வச்சா மாட்டிப்பீங்க."

திவால் என்ற சொல்லைத்தான் சுதேஷால் ஏற்க முடியவில்லை. "என்கிட்ட படிச்ச பொண்ணுங்க இந்த ஊர்ல பாதி வீட்டுல இருக்காங்க. என்ன நினைப்பாங்க?"

பவனுக்கு அந்தத் தயக்கம் கிடையாது. "போடுக்கா. ரெண்டு மூணு வருஷம் இழுப்போம். உன் நகையையும் டெபாசிட்டையும் என் பொண்டாட்டி பேருக்கு மாத்திடு."

"கையெழுத்துக் கேட்டப்பவும் இப்படித்தான் சுளுவாச் சொன்ன," என்றார் சுதேஷ். நகை, டெபாசிட், ஓய்வூதியம் என்று ஒன்று விடாமல் வக்கீலிடம் சொல்லிவிட்டு மனுவில் கையெழுத்துப் போட்டார்.

மனு பதிவான சில நாளிலேயே தாசில்தார், போலீஸ், பூட்டு உடைக்கும் ஆள் என்று ஒரு கூட்டம் வாசலில் வந்து நின்றது. சுதேஷ் மனு எண்ணைக் காட்டினார். வங்கியின் வக்கீல் போனில் கத்தினார், ரூபிந்தர் பதிலுக்குக் கத்தினார். தாசில்தார் இரண்டையும் கேட்டுவிட்டு, "எனக்கு எதுக்கு வம்பு?" என்று திரும்பிவிட்டார். போலீஸ்காரர்களுக்கு சுதேஷ் டீ கொடுத்தனுப்பினார்.

அந்தச் சமயத்தில் கம்பெனியின் திவால் வழக்கில் ஆலையை சூரத்துக்காரர் ஒருவர் வாங்கினார். அந்தப் பணத்தில் வங்கிக்குக் கடனில் மூன்றில் ஒரு பங்குதான் தேறியது. பவன் போன் பண்ணினான்: "கடன் தீந்துச்சு அக்கா."

இந்த முறை அவர் அவனை நம்பவில்லை, ரூபிந்தரிடம் கேட்டார். கம்பெனிக்குத் தீர்ந்தது, ஜாமீன்தாரருக்குத் தீரவில்லை, மிச்சத்துக்கு அவர்தான் பொறுப்பு என்றார் ரூபிந்தர்.

சுதேஷின் மனுவை விசாரிக்கத் தீர்ப்பாயம் நியமித்த திவால் நிபுணர், கர்னால்காரர் திரிலோக் சந்த், அவருடைய கணக்குகளைப் பார்த்தார். ஒளிக்க எதுவும் இல்லாததால் வேலை சீக்கிரம் முடிந்தது. சுதேஷ் ஒரு திட்டம் வைத்தார். வீட்டைத் தானே நல்ல விலைக்கு விற்கிறேன், பெரும்பங்கு வங்கிக்கு, மிச்சத்தில் சின்ன வீடு ஒன்று வாங்கிக்கொள்கிறேன், அதோடு கணக்கு முடியட்டும் என்றார். ஏலம் விட்டால் இவ்வளவு வராது என்று வங்கிக்கும் தெரியும். இழுபறிக்குப் பிறகு ஒப்புக்கொண்டது, தீர்ப்பாயமும் ஏற்றது.

வீட்டை விற்றுச் சாமான் ஏற்றிய அன்று அவர் அழுதார். நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். பழைய மாணவிகள் ஏழெட்டுப் பேர் வந்து பெட்டி தூக்கினார்கள். திவாலைப் பற்றி ஒருத்தியும் பேசவில்லை.

கடைசியாக ரூபிந்தர் ஒன்று சொன்னார். கம்பெனியின் கடன் தீர்ந்துபோயிற்று, ஆனால் பவனும் கூட ஜாமீன் போட்டவன். சுதேஷ் கட்டியதில் அவன் பங்கை அவனிடம் கேட்க உரிமை உண்டு. சுதேஷ் வழக்குப் போட்டார். பவன் கொதித்துப்போய் வந்தான்.

"கூடப் பொறந்தவன் மேல கேஸா?"

"கூடப் பொறந்தவ வீட்டை வச்சுத்தானே கம்பளி நெய்த?"

வழக்கு பானிபட் கோர்ட்டில் இன்னும் நடக்கிறது. போன ராக்கி பண்டிகைக்கு அவன் வந்தான். சுதேஷ் கயிறு கட்டினார், பர்ஃபி ஊட்டினார். அவன் வழக்கம்போல் பணக் கவரை நீட்டினான். வாங்கி எண்ணிப் பார்த்தார்.

"இதைக் கேஸ் கணக்குல கழிச்சுக்கிறேன். அடுத்த வாய்தாவுக்கு நேரத்துக்கு வந்து சேரு," என்றார்.