அப்பாவின் தோளில் யார்?

போன ஞாயிறு, காஞ்சிபுரத்தில் அண்ணன் பேத்திக்குக் காதுகுத்து. பந்தியில் பக்கத்து இலைக்காரர் அத்திவரதர் பேச்சை எடுத்தார். விடுவேனா நான்?

நாற்பது வருடத்துக்கு ஒருமுறை குளத்தைவிட்டு வெளியே வரும் பெருமாள். போன தடவைக்கு முந்தின தடவை எனக்கு ஐந்து வயது. அப்பா என்னைத் தோளில் உட்காரவைத்துக்கொண்டு கூட்டத்தில் நுழைந்தது... அவர் தலையின் நல்லெண்ணெய் வாசனை... விழாமலிருக்க நான் அவர் காதைப் பிடித்துக்கொண்டது... வாராவாரம் வரும் இந்தப் பத்தியிலேயே மூன்று முறை எழுதியிருக்கிறேன். உங்களுக்கு மனப்பாடமே ஆகியிருக்கும்.

எதிர் வரிசையில் அண்ணன் வடையைக் கீழே வைத்தான்.

"இன்னாடா கதை வுடறே? அப்பா தோள்ல குந்திக்கினு இருந்தது நான்பா."

அண்ணன் என் பத்தியைப் படிப்பதே இல்லை என்பது அப்போதுதான் தெரிந்தது.

"சரி, சாமி படுத்துக்கினு இருந்தாரா, நின்னுக்கினு இருந்தாரா? சொல்லு."

"நின்னுக்கினு" என்றேன், டக்கென்று.

"மாட்டுனியா! நாங்க போனப்ப படுத்துக்கினு இருந்தாரு. நீ சொல்றது டிவியில பாத்தது."

முதலில் கொஞ்ச நாள் சயனம், அப்புறம்தான் நின்ற கோலம் — காஞ்சிபுரத்தில் இது யாருக்குத்தான் தெரியாது? பந்தியே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதற்கு அடுத்த வருடமே அப்பா போய்விட்டார். அவர் என்னைத் தூக்கியதாக என்னிடம் இருப்பது இந்த ஒரே ஞாபகம்தான். அதையும் பிடுங்கிக்கொண்டால் எப்படி?

சாம்பார் வாளியோடு வந்த அக்காவை நீதிபதி ஆக்கினோம்.

"உனுக்கு அப்ப அம்மை போட்டிருந்துச்சுப்பா. எங்க இட்டுக்கினு போறது? வேப்பிலைல படுத்துக்கினு ஒரே அழுகை. இவன்தான் தெனமும் ஜன்னலாண்ட நின்னுக்கினு, தோள்ல ஏறினது, காதைப் புடிச்சிக்கினதுன்னு உனுக்கு சொல்லிக்கினே இருப்பான். நீ அழுவக் கூடாதுன்னு."

தீர்ப்பு சொல்லிவிட்டு அடுத்த இலைக்குப் போய்விட்டாள்.

நம் ஞாபகங்களில் எத்தனை நம்முடையவை? ஜன்னல் வழியாக வந்தவை எத்தனை? உங்களுடையதையும் ஒருமுறை விசாரித்துப் பாருங்கள்... பந்தியில் மட்டும் வேண்டாம்.

அண்ணன் என் முகத்தைப் பார்த்தான். வடையைத் திரும்ப எடுத்துக்கொண்டான்.

"வுடுப்பா, நீயே வெச்சிக்கோ. எனக்கு அப்பாவோட இன்னும் நாலஞ்சு இருக்குது."

நான் குனிந்து பாயசத்தில் மும்முரமானேன்.

திரும்பும் பஸ்ஸில் கண்ணை மூடிப் பார்த்தேன். தோள், எண்ணெய் வாசனை, காது... எல்லாம் அப்படியே வந்தன. ஒரே ஒரு மாற்றம் — அடுத்த தோளில் அண்ணனும் உட்கார்ந்திருந்தான்.

பாவம் அப்பா, இனிமேல் இரண்டு பேரைச் சுமக்க வேண்டும்!